கடைசியில் வருபவருக்கு மணி

மேற்குக் கடற்கரையிலிருந்து மிளகு மூட்டைகளைச் சுமந்துகொண்டு ஒரு கழுதைக் கூட்டம் மலைக் கணவாயில் ஏறியது. முன்னால் தலைவன் காரி. அவனுக்குப் பின்னால் செவலை, அவள் தங்கை மயிலி, கடைசியில் ஒரு கிழக்கழுதை. தூர தேசத்து மணற்காட்டிலிருந்து வந்த ஒட்டகம் ஒன்றும் வழித்துணைக்குச் சேர்ந்து, காரியின் பக்கத்தில் நடந்தது.

கணவாயில் பகலிலேயே மூடுபனி. முன்னே போகிறவரின் வால்கூடத் தெரியாது. போதாக்குறைக்குச் சிறுத்தை உலாவும் இடம். அதனால் கழுதைகளுக்கு ஒரு வழக்கம் உண்டு. "எல்லோரும் இருக்கிறீர்களா?" என்று காரி அவ்வப்போது கேட்பான். கடைசியில் வருபவர், "இருக்கிறோம்!" என்பார். அவ்வளவுதான், நடையைக் கட்டுவார்கள்.

ஒட்டகத்துக்கு இது சரியாகப் படவில்லை. தங்கள் ஊரில் கடைசியில் வருபவர் கழுத்தில் மணி கட்டுவார்கள், மணிச் சத்தம் நின்றால் எல்லோரும் திரும்பி ஓடிப் பார்ப்பார்கள் என்று சொல்லி, தன் மூட்டையிலிருந்த மணியையும் காட்டியது. காரிக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்துவிட்டது.

"மணி அடித்துச் சிறுத்தையை விருந்துக்குக் கூப்பிடச் சொல்கிறாயா? நேற்று வந்தவன் நீ, எங்களுக்கு வழி சொல்லாதே!"

நடந்தார்கள். காரி கேட்டான். "இருக்கிறோம்!" என்று பதில் வந்தது. இன்னும் கொஞ்ச தூரம் போய்க் கேட்டான். அப்போதும் வந்தது.

பாதி வழியில் ஒரு சுனை. அங்கே பனி சற்று விலகியது. பார்த்தால், கிழக்கழுதையைக் காணோம்!

"அப்படியென்றால் இவ்வளவு நேரம் பதில் சொன்னது யார்?" என்றாள் செவலை.

சிறுத்தை தின்று போட்ட மிச்சத்தில் வயிறு வளர்க்கும் நரி ஒன்று பின்னாலேயே வந்துகொண்டிருந்தது. கிழக்கழுதையைச் சிறுத்தை அடித்தது தெரியாமலிருக்கக் குரல் கொடுத்தது அந்தப் பாவிதான்!

இனி மயிலிதான் கடைசி. அவள் அக்காவோடு ஒட்டிக்கொண்டாள். செவலை யாரையும் கேட்கவில்லை. தங்கையை முன்னே தள்ளிவிட்டு, ஒட்டகத்திடம் மணியை வாங்கித் தன் கழுத்தில் மாட்டிக்கொண்டு கடைசியில் போய் நின்றாள்.

மறுபடியும் பனிக்குள் இறங்கினார்கள். மயிலி மணிச் சத்தத்தில் உயிரை வைத்துக்கொண்டு நடந்தாள். திடீரென்று மணி கணகணவென்று அலறியது. அப்புறம் சத்தமே இல்லை.

"இருக்கிறோம்!" என்றது பனிக்குள்ளிருந்து ஒரு குரல்.

"ஓடுங்கள்! போனவள் போனவள்தான்!" என்று காரி பாய்ந்தான்.

மயிலி ஓடவில்லை. அழுதுகொண்டே திரும்பினாள். ஒட்டகமும் திரும்பியது. அங்கே செவலையைக் கீழே தள்ளி, சிறுத்தை அவள் முதுகைக் கடித்திருந்தது. நல்லவேளை, பல் இறங்கியது மிளகு மூட்டையில்! கண்ணும் மூக்கும் எரிய, தும்மிக்கொண்டே அது தலையைத் தூக்கியது. ஒட்டகம் விட்டது ஓர் உதை. அவ்வளவு உயரமான பிராணியை அந்தச் சிறுத்தை தன் ஆயுளில் கண்டதில்லை. அலறியடித்து ஓடியது. நரியும் பின்னாலேயே ஓடியது. செவலை தள்ளாடி எழுந்து நின்றாள்.

வெகுநேரம் கழித்துக் காரி தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு வந்தான். கிழக்கழுதையின் பெயரைச் சொல்லி அழுதான். பிறகு மணியைத் தன் கழுத்தில் மாட்டச் சொல்லி, தானே கடைசியில் போய் நின்றான்.

அயலார் சொன்னது என்பதற்காகவே நல்ல வழக்கத்தைத் தள்ளுகிறவன், அதற்கு விலையாகத் தன்னை நம்பி வந்தவரின் உயிரைக் கொடுப்பான்.