கூண்டிலிருந்து ரிவர்ஸ்

சங்ககிரியில் வையாபுரி என்று ஒரு லாரி முதலாளி. லாரியைத் தானே ஓட்டுவார். கிளீனர் சம்பளம் கேட்டால் மட்டும் காது கேட்காது. எட்டு மாதம் பொறுத்துப் பார்த்த கிளீனர் செங்கோடன், வேலையை உதறிவிட்டுத் தொழிலாளர் நீதிமன்றத்தில் வழக்குப் போட்டான்.

"எங்கிட்ட வேல செஞ்சேன்னு எவன்டா சாட்சி சொல்லுவான்?" என்று சிரித்தார் வையாபுரி.

"நீங்களே சொல்லுவீங்க" என்றான் செங்கோடன்.

விசாரணை நாளில் வையாபுரி கூண்டேறிச் சத்தியம் செய்தார். "இவன் யாருன்னே தெரியாதுங்க. மூஞ்சியே இன்னைக்குத்தான் பாக்கறேன்."

"இவரிடம் ஏதாவது கேட்கணுமா?" என்றார் நீதிபதி.

"வேண்டாமுங்கம்மா. இறங்கட்டும்" என்றான் செங்கோடன்.

கூண்டு குறுகல். தொந்தியைத் திருப்ப வழியில்லாமல் வையாபுரி பின்பக்கமாகவே படியில் கால் வைத்தார். செங்கோடன் ஓடிப்போய், ரிவர்ஸ் எடுக்கும்போது லாரியின் பின்கதவைத் தட்டுகிற மாதிரியே கூண்டுப் பலகையைப் படபடவென்று தட்டினான்.

"வரட்டும், வரட்டும்... ஹோல்டேய்!"

தூக்கிய கால் அந்தரத்தில் நின்றது. திரும்பியும் பாராமல் வையாபுரி அதட்டினார்: "பின்னாடி இன்னும் எத்தன எடம் இருக்குதுடா, செங்கோடா?"

"எடமே இல்லீங்க மொதலாளி. எட்டு மாசச் சம்பளம் குறுக்க நிக்குது!"