கேனில் ஊற்றிய பால்

பால் சங்கத் தேர்தலில் தோற்ற பழைய தலைவர் பொன்னுரங்கம், அதை எதிர்த்துப் போட்ட வழக்கிலும் தோற்றார். தீர்ப்பை மறுபடி பார்க்கச் சொல்லி அதே நீதிபதியிடம் பெரிய வக்கீலோடு வந்தார். ஜெயித்த செங்கமலத்துக்கு வக்கீல் இல்லை. பதவி பறிபோய்விடுமோ என்று பயந்தாள்.

"நீங்க என்னம்மா சொல்றீங்க?" என்று நீதிபதி அவளைக் கேட்டார்.

"எங்க சங்கத்துல, சோதிச்ச பாலைக் கேன்ல ஊத்திட்டா மறுபடி சோதிக்கக் கேட்கக் கூடாதுங்க ஐயா. நோட்டுல அளவு எழுதினது தப்புன்னா மட்டும் திருத்தலாம். பொன்னுரங்கம் மாமா தலைவரா இருந்தப்போ போட்ட விதி."

நீதிபதி வக்கீலைப் பார்த்தார். "தீர்ப்புல எழுதினதுல தப்பு உண்டா?"

"சாட்சிகளை இன்னொரு தடவை விசாரிச்சா..."

"அது கேனுக்குப் போயாச்சு" என்று மனுவைத் தள்ளுபடி செய்தார்.

வெளியே பொன்னுரங்கம் முனகினார். "என் விதியை வெச்சே என்னைக் கவுத்திட்டியே."

"நல்ல விதி மாமா. அதான் மாத்தாம வெச்சிருக்கேன்."