மறுகுரல்

இருட்டியதும் வெளியே அந்தச் சத்தம் கேட்டது. யாரோ புதிதாக மூச்சுவிடக் கற்றுக்கொள்வதுபோல் இருந்தது. இழுத்தது. நின்றது. மறுபடி இழுத்தது.

அமலி குழந்தையை வாரி இடுப்பில் வைத்துக்கொண்டாள்.

"அக்கா, கேட்டுச்சா?"

"கேட்டுச்சு," என்றாள் எழினி. "கஞ்சிய இறக்கு. அடிப்பிடிக்குது."

எழினி அமலியைவிட இளையவள். ஆனாலும் துகளி என்ற அந்தத் தூசி உலகத்தில் எல்லோருக்கும் அவள் அக்காதான். குன்றின் உச்சியில் இருந்த தொங்குகல்லைக் கவனித்துக்கொள்வது அவள் பொறுப்பு. அமலி அவளுடைய மாணவி. அன்று பாடம் அமலியின் வீட்டில்.

தொங்குகல் போன வருடம் வானத்திலிருந்து இறங்கியது. ஒரு வீட்டளவு இருக்கும். கறுப்பு. முட்டை வடிவம். தரையைத் தொடாமல் ஒரு சாண் உயரத்தில் நின்றது. இருட்டில் மங்கலாக ஒளி விட்டது. ஊர் ஜனங்கள் முதலில் பயந்தார்கள், பிறகு போய்க் கும்பிட்டார்கள், பிறகு பழகிவிட்டார்கள்.

துகளியில் தூசி எழும்பினால் நீட்டிய கை தெரியாது. அதனால் அங்கே ஒரு வழக்கம். வெளியே எந்தக் குரல் கேட்டாலும் வீட்டுக்குள் இருப்பவர் "இங்கே!" என்று மறுகுரல் கொடுக்க வேண்டும். அதைப் பிடித்துக்கொண்டுதான் வழி தவறியவர் வந்து சேர்வார். துகளியில் பிள்ளைகள் அம்மா என்பதற்கு முன்னால் அந்த வார்த்தையைத்தான் பேசும்.

வெளியே மூச்சு நின்றது. பிறகு ஒரு பெண்குரல் கொஞ்சலாகக் கேட்டது.

"பூவிக்குட்டி... பூவிக்குட்டி எங்கே?"

அது அமலியின் குரல்.

இடுப்பிலிருந்த குழந்தை கதவைப் பார்த்துச் சிரித்தது. "இங்க!" என்றது.

அமலி அதன் வாயைப் பொத்தினாள்.

"எப்பலேருந்து?" என்றாள் எழினி.

"நாலஞ்சு நாளா. முதல்ல வெறும் சத்தம்தான்க்கா. யாரோ பேசக்கூட முடியாம கிடக்கிறாங்கன்னு மறுகுரல் கொடுத்தேன். மறுநாள் வார்த்தை வந்துச்சு. அதுக்கும் கொடுத்தேன். இப்ப என் குரல்லயே என் பிள்ளையக் கூப்பிடுது."

"ம்."

"ம்முன்னா? அது கல்லா, பேயா? நல்லதா, கெட்டதா? அதையாவது சொல்லுங்க. இவ நடக்கப் பழகிட்டா. நான் அடுப்புப் பக்கம் திரும்பினா போதும், கதவுகிட்ட போய் நிக்கிறா."

"தொண்டை வறளுது. தொட்டியில தண்ணி மொண்டுட்டு வந்து சொல்றேன்."

எழினி குடத்தை எடுத்துக்கொண்டு பின்கதவு வழியாகப் போனாள்.

அமலி காத்திருந்தாள். கொஞ்ச நேரத்தில் முன்கதவுக்கு வெளியே எழினியின் குரல் கேட்டது.

"அமலி, கதவத் திற. கையில குடம் இருக்கு. எவ்வளவு நேரம் நிக்கிறது?"

அந்தச் சலிப்புகூட எழினியின் சலிப்புதான். சுற்றிக்கொண்டு முன்பக்கம் வந்துவிட்டாள் போலிருக்கிறது என்று நினைத்தாள் அமலி. குழந்தையை இறக்கிவிட்டுக் கதவைத் திறந்தாள்.

வெளியே யாரும் இல்லை. தூசிதான் சுழன்றது.

குழந்தை அவள் கால்களுக்கு இடையே புகுந்து வெளியே ஓடியது. "இங்க! இங்க!"

"யாருக்குத் திறந்தே?"

குரல் அவளுக்குப் பின்னால், வீட்டுக்குள்ளிருந்து வந்தது. எழினி குடத்தோடு பின்கதவருகில் நின்றிருந்தாள். மறுகணம் குடம் தரையில் கிடந்தது. எழினி பாய்ந்து போய்க் குழந்தையின் சட்டையைப் பிடித்து உள்ளே இழுத்தாள்.

தூசி கொஞ்சம் விலகியதும் வாசலில் நின்று இருவரும் குன்றைப் பார்த்தார்கள். உச்சியில் ஒளி இல்லை. கல் அங்கே இல்லை.

எழினி கதவைச் சாத்தினாள்.

"உங்க குரல் அதுக்கு எப்படித் தெரியும்?" என்றாள் அமலி. "நீங்களுமா மறுகுரல் கொடுத்தீங்க?"

"கொடுத்தேன். நானும் இந்த ஊர்க்காரிதானே."

"அப்ப தண்ணி மொள்ளப் போனது எனக்குப் பாடம் சொல்லித்தரவா?"

"பாடமாவது! என் கையைத் தொட்டுப் பாரு. எப்படி உதறுதுன்னு."

அமலி தொட்டுப் பார்த்தாள். கை சில்லென்று இருந்தது. அந்தக் கையோடுதான் எழினி போய்ப் பின்கதவுக்குத் தாழ் போட்டாள். பிறகு விளக்கை எடுத்துத் திரியைத் தூண்டினாள்.

"முன்கதவுக்கும் நீ தாழ் போட்டுக்க. பகல்ல அது பேசறதில்ல. விடியற வரைக்கும்தான்."

"தாழா? நம்ம ஊர்ல ராத்திரி எந்த வீட்ல முன்கதவுக்குத் தாழ் போட்டிருக்காங்க? இவ அப்பா இன்னும் பனிக்கட்டி வெட்டற சுரங்கத்துலேருந்து வரல. தூசியில மாட்டிக்கிட்டு வாசல்ல வந்து கத்தினா? நான் மறுகுரலும் கொடுக்காம, கதவும் திறக்காம உள்ள உக்காந்திருக்கவா? அது கொலைக்குச் சமம்க்கா."

"சமம்தான்," என்றாள் எழினி. "அதனாலதான் நான் வெளியே போறேன்."

அமலி அவளையே பார்த்தாள்.

"சுரங்கத்துக்குப் போற பாதையில விளக்கோட நிக்கிறேன். வாய் திறக்க மாட்டேன். வர்றவங்கள கையைப் பிடிச்சு என் வீட்டுக்குக் கூட்டிட்டுப் போயிடறேன். அதுக்குக் குரல்தான் இருக்கு, கை இல்ல."

"அது உங்களை எடுத்துக்கிட்டா?"

எழினி குழந்தையின் கன்னத்தில் ஒட்டியிருந்த தூசியைத் துடைத்துவிட்டாள். வெளியே இறங்கினாள்.

அமலி கதவை ஒருக்களித்துப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"அக்கா, ஒண்ணே ஒண்ணு. விடியறதுக்குள்ள நீங்களே திரும்பி வந்து, என்னைக் காப்பாத்துன்னு கத்தினா?"

"திறக்காதே."

"நிஜமாவே நீங்களா இருந்தா?"

"அப்பவும் திறக்காதே."

"நீங்களா, அதுவான்னு நான் எப்படித் தெரிஞ்சுக்கறது?"

எழினி விளக்கை உயர்த்திப் பிடித்தாள்.

"திறக்கலையேன்னு அது அழும். நானா இருந்தா, நல்லவேளை திறக்கலைன்னு போயிடுவேன்."

விளக்கு தூசிக்குள் போனது. கொஞ்ச தூரம் தெரிந்தது. பிறகு தெரியவில்லை.

அமலி கதவைச் சாத்தி, உள்ளிருந்து தாழ் போட்டாள்.