பெரிய வாசலில் நின்ற பன்றி

காட்டுப்பன்றி ஒன்று வனசபைக்காகக் குளம் வெட்டியது. நடுக்குளத்தில் கடமான் நின்றால் கொம்பு மட்டும் தெரிய வேண்டும். கூலி நாற்பது கூடை வள்ளிக்கிழங்கு. இதுதான் ஒப்பந்தம்.

வீட்டிலிருந்த கிழங்கையெல்லாம் மண் சுமந்த பெருச்சாளிகளுக்கே பன்றி போட்டுவிட்டது. ஏழு குட்டிகளும் அந்தக் கூலியை நம்பித்தான் இருந்தன.

வேலை முடிந்ததும் சபையின் மேற்பார்வையாளரான உடும்பு வந்தது. கடமானைக் கரையோரமாக நிறுத்திப் பார்த்தது.

“கழுத்தே தெரிகிறதே! ஆழம் போதாது. ஒரு கிழங்கும் கிடையாது!”

“ஐயா, கரையில் நிறுத்தினால் கழுத்து தெரியாமல் என்ன செய்யும்? நடுவில் நிறுத்துங்கள்!”

“எனக்கே அளக்கச் சொல்லித் தருகிறாயா?” என்று உடும்பு நாக்கை நீட்டிவிட்டுப் போய்விட்டது.

பன்றியின் மனைவி சொன்னது: “ஏங்க, ஆமையம்மாவிடம் போவோம். அவங்க குளத்தில் இறங்கி அளந்து, சாட்சி கேட்டுத் தீர்ப்புச் சொல்லுவாங்க.”

அதன் தம்பி முள்ளம்பன்றி சிரித்தது. “ஆமையா? அது இங்கே வந்து சேரவே ஒரு மாசம் ஆகும், அக்கா! மச்சான், நீங்க நேரே யானையாரிடம் போங்க. கீரியின் வளையைச் சபை கேள்வி கேட்காமல் அடைத்ததே, அதை ஒரே காலையில் திறக்க வைத்தார்!”

யானையாரின் வாசலில் காய்ந்த கட்டை ஒன்று தொங்கும். சபை ஒருவரின் உயிருக்கோ வழிக்கோ குறுக்கே நின்றால், அவர் அதைத் தட்டலாம். யானையார் உடனே விசாரிப்பார். அவசரத்துக்கு என்று வைத்த வாசல் அது.

பன்றி போய்ப் பார்த்தால் ஒரே கூட்டம்! வேலி கட்டிய கரடிக்கும் கூலித் தகராறு. பாதை போட்ட எருமைக்கும் கூலித் தகராறு. எல்லாரும் கட்டையைத் தட்டிவிட்டு வரிசையில் நின்றார்கள். ஒரு முயலும் வந்தது. அதைப் புல்வெளிப் பக்கமே போகவிடாமல் சபை தடுத்திருந்தது. பசியில் வாடிய அந்த முயலுக்கு யாரும் வழி விடவில்லை. பன்றியும் விடவில்லை.

நாட்கள் போயின. பெருமழையும் பெய்து ஓய்ந்தது. ஒருவழியாகப் பன்றியின் முறை வந்தது.

“யானையாரே, என் கூலியை வாங்கித் தாருங்கள்!”

யானையார், சபை சார்பில் வந்திருந்த உடும்பைப் பார்த்தார். “கூலி கொடுக்க வேண்டும் என்று ஒப்புக்கொள்கிறாயா?”

“இல்லவே இல்லை! ஆழம் போதாது!”

“போதும்!”

“போதாது!”

யானையார் காதுகளைப் படபடவென்று அடித்தார். “நிறுத்துங்கள்! கடனை ஒப்புக்கொண்டு சபை இழுத்தடித்தால், இப்போதே கொடுக்கச் சொல்வேன். இங்கே ஆழமே தகராறு. நான் இங்கே உட்கார்ந்துகொண்டு உன் குளத்தை அளக்கவா? காலையிலிருந்து இப்படி வந்தவர்களில் நீ பதினோராவது ஆள்! பின்னால் பார், அந்த முயல் மயங்கிக் கிடக்கிறது! ஆமையிடம் போ!”

பன்றி தலைதெறிக்க ஓடியது. ஆமை மூன்றே நாளில் குளத்துக்கு வந்து சேர்ந்தது. குளத்தில் இறங்கிச் சேற்றோடு மேலே வந்தது.

“மழைக்கு முன்னால் கூப்பிட்டிருக்கக் கூடாதா, தம்பி? கரை சரிந்து வண்டல் படிந்துவிட்டது. நீ வெட்டிய தரை எது, வண்டல் எது என்று நான் எப்படிச் சொல்வேன்? இன்று தெரிகிற ஆழத்துக்குப் பன்னிரண்டு கூடை. அதற்கு மேல் சொல்ல எனக்கு ஆதாரம் இல்லை.”

உடும்பு இளித்துக்கொண்டே பன்னிரண்டு கூடையை இறக்கியது. அதில் பாதியை, மிச்சக் கூலி கேட்டு நின்ற பெருச்சாளிகள் தூக்கிக்கொண்டு போயின.

“பெரிய வாசல், பெரிய வாசல் என்றீர்களே! இந்தாங்க, இனி வேளைக்கு ஆளுக்கு அரைக் கிழங்குதான்!” என்று மனைவி குட்டிகள் முன்னால் வைத்தது.

அளந்து பார்த்துத் தீர்க்க வேண்டிய தகராறை அளக்கிறவரிடம் முதலிலேயே கொண்டுபோகாமல் பெரிய வாசலில் காத்துக் கிடப்பவன், நியாயம் தன் பக்கம் இருந்தாலும் அதற்கான தடயத்தை இழந்துவிடுவான்.