வலையில் ஏறிய பேத்தை

வெகு காலத்துக்கு முன்னால் கடலோர நாடொன்றை மாறவேள் என்ற அரசர் ஆண்டார். வலையில் ஏறும் முதல் மீன் அரண்மனைக்கு என்பது அவர் போட்ட சட்டம்.

ஒருநாள் கடற்கரை அதிகாரி வீரபாகு, காத்தமுத்து என்ற மீனவனை அவைக்கு இழுத்து வந்தார். பானை அளவு முதல் மீனை அவன் கடலில் வீசியதைக் கண்ணால் பார்த்தாராம். அது கையளவுதான், பேத்தை மீன், தொட்டால் ஊதிப் பெரிதாகும் என்றான் காத்தமுத்து. அவை சிரித்தது. பொய் என்றால் அவன் படகை உடைக்கச் சொன்னார் அரசர். அவனுக்கு இருந்ததே அந்த ஒரு படகுதான். அமைச்சர் கூத்தபிரான் ஒருநாள் அவகாசம் கேட்டு வாங்கினார்.

மறுநாள் கடல்நீர் நிரம்பிய அகன்ற பானையோடு அமைச்சர் வந்தார். உள்ளே கையளவு மீன்.

"வீரபாகுவே, நீர் பார்த்தது இதுவா?"

"இந்தக் குஞ்சா? இல்லை."

"அப்படியானால் எடுத்து வெளியே போடும்."

வீரபாகு கையை விட்டார். மீன் மளமளவென்று நீரைக் குடித்து, பானையை அடைத்துக்கொண்டு உருண்டது. அவர் கையை உதறிக்கொண்டு பின்வாங்கினார்.

"இருவர் சொன்னதும் உண்மை, அரசே" என்றார் அமைச்சர்.

வீரபாகு விடவில்லை. "எந்த அளவானாலும் முதல் மீன் அரசருடையது."

"சமையலறைக்கு அனுப்பிவிடலாமா, காத்தமுத்து?" என்று கேட்டார் அமைச்சர்.

"வேண்டாம் ஐயா. ஈரலிலும் முட்டையிலும் நஞ்சு. வேகவைத்தாலும் போகாது. நாக்கு மரத்து, கைகால் விழுந்து, மூச்சு நின்றுவிடும்."

சட்டப்படி நடந்திருந்தால் அது நேற்றே தம் இலைக்கு வந்திருக்கும் என்பது அரசருக்குப் புரிந்தது. பானையருகே வந்து குனிந்தார்.

"இது ஏன் ஊதுகிறது?"

"பயம், மகராசா. செதில் கிடையாது, வேகமாக நீந்தவும் வராது. ஆழமில்லாத இடத்தில் கடற்புல்லுக்குள் நண்டையும் சிப்பியையும் உடைத்துத் தின்று கிடக்கும். நெருங்கினால் பெருத்துக் காட்டும்."

"ஆபத்தில்லாதபோதும்?"

"அதற்கு எப்படித் தெரியும், மகராசா?"

படகை உடைக்கச் சொன்ன தம் குரல் அரசருக்கு நினைவு வந்தது. அந்தச் சட்டத்தை அன்றே நீக்கினார். காத்தமுத்துவுக்குப் புது வலை கொடுத்தார்.

"வீரபாகு, மீனை நீரே கொண்டுபோய்க் கடலில் விடும்."

"வெளியே எடுத்துவிடாதீர்கள் ஐயா" என்றான் காத்தமுத்து. "காற்றைக் குடித்தால் மல்லாந்து மிதந்து செத்துப்போகும். சுருங்கும்வரை பானையைத் தண்ணீருக்குள்ளேயே பிடித்திருக்க வேண்டும்."

பட்டுவேட்டி நனைய, இடுப்பளவு நீரில் வீரபாகு பானையோடு நின்றார். மீன் சுருங்கிப் புல்லுக்குள் போன பிறகும் அவர் உடனே கரையேறவில்லை.