வாசலில் கிடந்த செருப்புகள்

போரில் காணாமல் போனவர் என்று ஒருவருமே இல்லை என்று அடித்துச் சொல்லுகிற மந்திரி அவர். கோயில் மண்டபத்தில் கண்காட்சி வைக்க வந்த ஓவியர் தவச்செல்வியிடமும் கண்டிப்பாகச் சொன்னார்: “அதைப் பற்றி ஒரு படமும் தொங்கக் கூடாது.”

“சுவரில ஒண்டும் தொங்காது ஐயா.”

திறப்பு நாளில் வாசல் நிறையச் செருப்புகள். நல்ல கூட்டம் என்று மந்திரிக்கு வாயெல்லாம் பல். தன் சப்பாத்தையும் கழற்றிவிட்டு உள்ளே போனார். வெறும் சுவர்கள். ஈ காக்கை இல்லை.

“இவ்வளவு செருப்புக் கிடக்குது, ஆக்கள் எங்க?” என்று கத்தினார்.

காணாமல் போன தங்கள் பிள்ளைகளின் அந்தச் செருப்புகளைக் கொண்டுவந்து வைத்த தாய்மார் வாசலுக்கு வந்து நின்றார்கள். தவச்செல்வி அவர்களைக் காட்டினாள்.

“இதைத்தான் ஐயா, இவையள் பதினைஞ்சு வருசமா உங்களிட்டக் கேக்கினம்.”