பௌர்ணமிக்குப் பதினொரு சோழி

கடல் தண்ணி அப்ப உப்பா இனிப்பான்னு கேட்டா இன்னிக்கு யாருக்கும் சொல்லத் தெரியாத, அவ்வளவு பழைய காலம். பால்மாவு கொட்டின மாதிரி மணல் கெடந்த ஒரு கரையில, அலையாயின்னு ஒரு நண்டு இருந்தா.

சும்மா நண்டு இல்லீங்க. சங்குக்குள்ள குடியிருக்கிற நண்டு. முன்பக்கம் பாத்தா கொடுக்கு, முள்ளு, மொறைப்பு எல்லாம் உண்டு. பின்பக்கம்? வெண்ணெய். தொட்டா அமுங்கும். அதனால அந்த இனத்து நண்டுங்க காலிச் சங்காத் தேடி, பின்பக்கத்த உள்ள சுருட்டி வெச்சுக்கிட்டு, போற எடத்துக்கெல்லாம் வீட்டத் தூக்கிக்கிட்டே போகும். சங்கு இல்லாத நண்ட நாரை பாத்தா ஒரே கொத்து. அதோட கதை முடிஞ்சுது.

இதுல ஒரு தொல்லை இருக்கு. நண்டு வளரும். சங்கு வளராது.

அலையாயியும் வளந்தா. பழைய சங்குல மூச்சு விட்டா இடிச்சுது. திரும்பினா இடிச்சுது. தும்மினா ரெண்டு பக்கமும் இடிச்சுது. போதாக்கொறைக்கு பின்பக்கம் அரை விரக்கடை வெளிய நீட்டிக்கிட்டு நின்னுது. தினமும் ஒரு நாரை வந்து அந்த அரை விரக்கடையவே பாத்துக்கிட்டு நிக்கும்.

"ஏங்க, அது என்னையத்தான் பாக்குது"ன்னா அலையாயி.

"அழகா இருக்க, பாக்குது"ன்னான் புருஷன் நுரையப்பன். அவன் அப்படித்தான். எதச் சொன்னாலும் சிரிப்பான். ஆனா அன்னிக்குச் சாயங்காலமே அவளக் கூட்டிக்கிட்டு சிங்கிராயர்கிட்ட போனான்.

சிங்கிராயர் பாறை இடுக்குல இருக்கிற ஒரு சிங்கி இறால். உடம்ப விட மீசை நீளம். ஒரு மீச உங்களப் பாத்துப் பேசுறப்பவே இன்னொரு மீச உங்க பின்னாடி யாரு வர்றாங்கன்னு தடவிப் பாக்கும். புயல் அடிச்சு ஒதுக்குற பெரிய சங்கெல்லாம் அவரு இடுக்குலதான் அடுக்கியிருக்கும். ஒண்ணு சொல்லணும்: அவரு பொய் சொல்ல மாட்டாரு. கேக்காதத சொல்லவும் மாட்டாரு.

"வா தாயி, வா. சங்கா? விலையெல்லாம் அப்புறம் பேசலாம். மொதல்ல உள்ள போய்ப் பாரு. சும்மா பாரு. பாக்கக் காசா?"

அந்தச் சங்க நீங்க பாத்திருக்கணும். வெளிய வெள்ளை. உள்ள விடியக்காலம். ரோஜா நெறத்துல வெளிச்சம் வளைஞ்சு வளைஞ்சு உள்ள போயி, எங்க முடியுதுன்னே தெரியாது. காத வெச்சா தூரத்துல யாரோ தாலாட்டுற மாதிரி ஒரு முனகல்.

இந்த நண்டுங்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. பெரிய சங்கு ஒண்ணு வருதுன்னு தெரிஞ்சா, அந்தக் கரையில இருக்கிற நண்டெல்லாம் பெருசுலேர்ந்து சிறுசு வரைக்கும் வரிசையா பின்னாடி வந்து நிக்கும். முதல் நண்டு புதுச் சங்குக்குள்ள போனா, அது விட்ட சங்குக்கு ரெண்டாவது. அது விட்டதுக்கு மூணாவது.

அலையாயி பழைய சங்க விட்டு வெளிய வந்தா. "யக்கா, நல்லா நிதானமாப் பாருங்க!"ன்னு பின்னாடி ஒரு குரல். அவ புதுச் சங்குக்குள்ள பின்பக்கத்த வெச்சா.

டக். டக். டக். டக்.

பதினாலு நண்டும் மாறி முடிஞ்சுது. சும்மா பாத்துட்டு வரலாம்னு போனவளுக்குத் திரும்பி வர எடமே இல்ல.

"விலை ஆயிரம் சோழி"ன்னாரு சிங்கிராயர் அப்ப.

"ஆயிரமா!" நுரையப்பனுக்குக் கூட சிரிப்பு நின்னு போச்சு.

"மொத்தமா இப்பவே யாரு கேட்டா? சங்கு உன்னுது. பௌர்ணமிக்குப் பௌர்ணமி கொஞ்சங்கொஞ்சமாக் குடு. இருபது குடுக்கலாம். பதினஞ்சு குடுக்கலாம். ஒன் மூஞ்சியப் பாத்தா மனசு கேக்கல, பதினொண்ணு குடுத்தாலும் சரி. நிலுவையில பௌர்ணமிக்கு நூத்துக்கு ஒண்ணு வட்டி. அத மொதல்ல எடுத்துக்கிட்டு மீதிய விலையில கழிப்பேன்."

தெளிவாத்தான் சொன்னாரு. ஆனா அலையாயி அப்ப சங்குக்குள்ள கண்ண மூடிக் கெடந்தா. வாழ்க்கையில மொத தடவையா பின்பக்கம் முழுசா உள்ள இருக்கு. எங்கயும் இடிக்கல.

நுரையப்பன் சிரிக்க ஆரம்பிச்சுட்டான். "நூத்துக்கு ஒண்ணா? ஒண்ணு எல்லாம் ஒரு வட்டியா மொதலாளி? கொடுக்கோட சேத்து எனக்குப் பத்துக் காலு. காலுக்கு ஒண்ணு, தலைக்கு ஒண்ணு. பதினொண்ணு!"

அலையாயியும் மூணு கேள்வி கேட்டா.

"புயலுக்குத் தாங்குமா?"

"தாங்கும்."

"நான் வளந்தாலும் பத்துமா?"

"நூறு பௌர்ணமிக்குப் பத்தும். அதுக்கு மேல பத்தாது."

"பௌர்ணமிக்குப் பதினொண்ணு போதுமா?"

"போதும்."

மூணுமே நெசம்.

அப்புறம் வந்த நாளெல்லாம் எப்படிப் போச்சுன்னு அலையாயியக் கேட்டா அவளுக்கே தெரியாது. மத்தியானம் வெயில் சங்கு ஓட்டு வழியா ரோஜாவா ஊறி உள்ள வரும். அந்த முனகல் ஒரு நாள் மழை மாதிரி இருக்கும், ஒரு நாள் அவ பேரச் சொல்ற மாதிரி இருக்கும். தூங்கறாளா முழிச்சிருக்காளான்னு அவளுக்கே பிடிபடாது. நாரை வரும், சங்கச் சுத்திச் சுத்திப் பாக்கும், வெறும் வாயோட போகும். பௌர்ணமிக்குப் பௌர்ணமி நுரையப்பன் காலுக்கு ஒண்ணா எண்ணிக் குடுப்பான். போயிட்டே இருந்துச்சு.

பன்னெண்டாவது பௌர்ணமியில அலையாயி கணக்குப் போட்டா. பன்னெண்டு பதினொண்ணு நூத்தி முப்பத்திரெண்டு. ஆயிரத்துல அது போனா எண்ணூத்தி அறுபத்தெட்டு. சந்தோசமா கேட்டா: "மொதலாளி, இன்னும் எண்ணூத்தி அறுபத்தெட்டு பாக்கி, இல்ல?"

சிங்கிராயர் மீசைய நீவினாரு.

"தொள்ளாயிரத்து எண்பத்தெட்டு."

ஒரு அலை வந்துது. போச்சு.

இன்னொரு அலை வந்துது. அதுவும் போச்சு.

"யோவ்!" நுரையப்பன் கொடுக்கத் தூக்கிட்டான். "நூத்தி முப்பத்திரெண்டு குடுத்திருக்கேன்யா, பன்னெண்டுதான் கொறைஞ்சுதா? பகல்கொள்ளையா இருக்கே!"

"சொன்னேனே தம்பி. ஆயிரத்துக்கு நூத்துக்கு ஒண்ணுன்னா பத்து. நீ குடுக்கிற பதினொண்ணுல பத்து வட்டிக்குப் போயிடுது. ஒண்ணுதான் சங்குக்கு. அன்னிக்கே சொன்னேன். நீ சிரிச்ச."

நுரையப்பன் கொடுக்க எறக்கிட்டான். சிரிச்சது அவன்தானே.

அலையாயி மெதுவாக் கேட்டா: "இப்படியே பதினொண்ணு பதினொண்ணாக் குடுத்தா மொதல்லேர்ந்து கடைசி வரைக்கும் எத்தன பௌர்ணமி?"

"எரநூத்தி நாப்பத்தொண்ணு."

"மொத்தம் எத்தன சோழி?"

"ரெண்டாயிரத்து அறுநூத்தி அம்பத்தொண்ணு."

பெரிய எண்ணு. நண்டு மண்டைக்குள்ள அது அடங்கல. அதனால மறுநாள் விடியறப்ப, அலையாயி சங்கத் தூக்கிக்கிட்டு கரையில நடக்க ஆரம்பிச்சா. ஒரு அடிக்கு ஒரு சோழின்னு கணக்கு. பின்னாடி நுரையப்பன்.

அன்னிக்குன்னு பாத்து பனி. கடல் எது, கரை எதுன்னு தெரியல. எல்லாம் ஒரே வெள்ளை. அதுக்குள்ள அவ கால் சத்தம் மட்டும், கிறுக் கிறுக். நூறு. எரநூறு. முந்நூறு. வச்ச அடியெல்லாத்தையும் பின்னாடியே அலை வந்து அழிச்சுக்கிட்டே வந்துது. ஆயிரமாவது அடியில ஒரு தாழம்புதர் பனிக்குள்ளேர்ந்து எட்டிப் பாத்துச்சு.

"இங்கதான் சங்கோட விலை முடியுது"ன்னா அலையாயி.

"அப்பாடா"ன்னான் நுரையப்பன்.

அவ நிக்கல.

"எங்க போற?"

"இன்னும் ஆயிரத்து அறுநூத்தி அம்பத்தொண்ணு இருக்குங்க."

நடந்தா. தாழம்புதர் மறைஞ்சுது. தெரிஞ்ச மணல் முடிஞ்சு தெரியாத மணல் வந்துது. ரெண்டாயிரம். கால் அவளுதா வேற யாருதான்னே தெரியல. மெதக்குற மாதிரி இருந்துச்சு. ரெண்டாயிரத்து அறுநூத்தி அம்பத்தொண்ணாவது அடியில பனி வெலகிச்சு. பாத்தா ஆத்து முகத்துவாரம். அதுக்கு மேல இந்தப் பக்கம் கரையே இல்ல. திரும்பிப் பாத்தா தாழம்புதர் ஒரு புள்ளியாக் கூடத் தெரியல.

"புள்ள," நுரையப்பன் சங்கத் தட்டிப் பாத்தான், "நூறு பௌர்ணமிக்கு மேல இது ஒனக்குப் பத்தாதுன்னானே."

"ஆமா. அதுக்கப்புறம் நூத்தி நாப்பத்தொரு பௌர்ணமி, நான் உள்ள நொழைய முடியாத சங்குக்குக் கட்டிக்கிட்டே இருப்போம். வெளிய நின்னுக்கிட்டு. நாரை பாத்துக்கிட்டு."

அடுத்த பௌர்ணமிக்கு அவ போனப்ப மூஞ்சி வாடியிருந்ததச் சிங்கிராயர் பாத்தாரு. குரல்ல தேன் சொட்டுச்சு.

"தாயி, சோர்ந்து இருக்க. இந்தப் பௌர்ணமி கட்டவே வேணாம். போய்ப் படு."

"அந்த வட்டி எங்க போகும்?"

"கடன் மேல ஏறி உக்காந்துக்கும். அடுத்த தடவ அதுக்கும் சேத்து வட்டி."

"வேணாம்."

"சரி, ஒரு சோழி கொறைச்சுக்க. பத்தே குடு. மனசாட்சி உள்ளவன் நான்."

"பத்தே குடுத்துக்கிட்டு வந்தா எப்பத் தீரும்?"

சிங்கிராயர் பொய் சொல்ல மாட்டாரே. "ஏறக்கொறைய பத்தும் வட்டிக்கே சரியாப் போகும் தாயி. ஒன் ஆயுசுல தீராது."

"வேணாம்."

"அப்ப ஒண்ணு பண்ணு. இதவிடப் பெருசா ஒண்ணு நேத்துத்தான் ஒதுங்கிச்சு. உள்ள போய்ப் பாரேன். சும்மா பாரு."

அலையாயி அசையல. "பழைய பாக்கி?"

"புதுசோட சேத்துப்போம். மறுபடி மொதல்லேர்ந்து."

"வேணாம் மொதலாளி. நான் ஒண்ணு கேக்குறேன். கூடக் குடுத்தா?"

ரெண்டு மீசையும் அப்படியே நின்னுது. எத்தனையோ நண்டு வந்திருக்கு. கொறைச்சுக் குடுத்தா என்னன்னு எல்லாரும் கேட்டிருக்காங்க. இத ஒருத்தரும் கேட்டதில்ல.

"கூடக் குடுத்தா," மெதுவாச் சொன்னாரு சிங்கிராயர், "கூடுறது அம்புட்டும் நேரா விலையில கழியும். இருபதாக் குடுத்தா, இன்னும் அறுபத்தொம்பது பௌர்ணமி."

பன்னெண்டு போனது, அறுபத்தொம்பது வரப்போறது. எண்பத்தொண்ணு. நூத்துக்குள்ள!

அலையாயி தயாராக் கொண்டு வந்திருந்த இருபது சோழிய எண்ணி வெச்சா. அதுல ஒம்போது, நுரையப்பன் மூணு நாளா முகத்துவாரத்துக்கு அந்தப் பக்கம் போய்ப் பொறுக்கிட்டு வந்தது.

அப்புறம் மத்தியானத் தூக்கம் இல்ல. முனகல் கேக்க நேரம் இல்ல. தண்ணி வத்தற நேரத்துல தூரத்து மணல்திட்டுக்குப் போய்த் தோண்டணும், தண்ணி ஏறறதுக்குள்ள திரும்பணும். "மொதலாளி மீசைய ஒரு நாள் அறுத்துக் கயிறு திரிக்கிறேன் பாரு"ன்னு நுரையப்பன் சொல்லிச் சொல்லித் தோண்டுவான். அலையாயி சிரிச்சுக்கிட்டே தோண்டுவா. வருசம் போச்சு. இன்னும் வருசம் போச்சு. சங்குக்குள்ள கொஞ்சங் கொஞ்சமா அவ உடம்பு நெறைஞ்சுக்கிட்டே வந்துது.

எண்பத்தொண்ணாவது பௌர்ணமி. இருபது சோழியக் கொண்டு போய் வெச்சா.

சிங்கிராயர் பத்த எடுத்தாரு. மீதிப் பத்த அவ பக்கம் தள்ளினாரு.

"இவ்வளவுதான் பாக்கி. முடிஞ்சுது."

ஆயிரத்து ஐநூத்தி ரெண்டு சோழி, ஆயிரம் சோழிச் சங்குக்கு. அதுவும் கொஞ்சம் இல்லதான். ஆனா முகத்துவாரம் வரைக்கும் போயிருக்க வேண்டியது, தாழம்புதரத் தாண்டி ஐநூத்தி ரெண்டு அடியில நின்னு போச்சு.

கரைக்கு வந்து ரெண்டு பேரும் பக்கத்துல பக்கத்துல உக்காந்தாங்க. பொழுது சாஞ்சு, கடலுக்கு மேல மஞ்சளா ஒண்ணு பெருசா எழும்பிக்கிட்டு இருந்துச்சு.

"புள்ள, அது என்னாது?"ன்னான் நுரையப்பன்.

"நிலாங்க."

"இவ்வளவு பெருசாவா வரும்?"

"எண்பத்தொரு தடவ வந்திருக்கு. நாம சோழி எண்ணிக்கிட்டு இருந்தோம்."

அன்னிக்கு எண்ணறதுக்கு ஒண்ணும் இல்ல. அது முழுசா மேல ஏறி, வெள்ளையாகி, கடல் பூரா வழியற வரைக்கும் சும்மா பாத்துக்கிட்டே இருந்தாங்க.

கடன்ல வீடு வாங்கறவங்க, மாசத்துக்கு எவ்வளவுன்னு மட்டும் கேக்காம, கட்டி முடிக்கறப்ப மொத்தம் எவ்வளவு போயிருக்கும்னு கேட்டுத் தெரிஞ்சுக்கிட்டுத்தான் உள்ள கால் வெக்கணும்.